வழக்கமாக வசிக்கும் இடம்

காபி கொடுக்க முடியவில்லை, மன்னியுங்கள் மேடம். வீட்டில் வைத்திருப்பதில்லை. என் வேலைக்கு அது ஆகாது. பால் நிலையத்துக்கு வரும் ஒவ்வொரு கேனையும் மூடியைத் திறந்தவுடன் முகர்ந்து பார்க்க வேண்டும். முதல் இரண்டு நொடிதான் பால் உண்மையைச் சொல்லும், பிறகு காற்று கலந்துவிடும். காபி, வெங்காயம், வாசனை சோப்பு, எதுவும் குறுக்கே வரக் கூடாது. இருபத்திரண்டு வருடமாக இப்படித்தான் இருக்கிறேன். தண்ணீர் வேண்டுமானால் தருகிறேன்.

இந்த ஊர் நீதிமன்றத்தை ஏன் தேர்ந்தெடுத்தேன் என்று கேட்டீர்கள். நல்ல கேள்வி. என் மனைவியின் வக்கீல்கூட அதை இவ்வளவு நேராகக் கேட்கவில்லை.

பிரிந்துவிடலாம் என்று என் மனைவி சொன்னது ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில். சண்டையெல்லாம் இல்லை. நான் தட்டுகளைத் துடைத்து அடுக்கிக்கொண்டிருந்தேன். "உங்க கூட இருந்தா மூச்சு விடுறதுக்குக்கூட யோசிக்க வேண்டியிருக்குங்க. என்னால முடியல," என்றாள். சரி என்றேன். அவளைப் பிடித்து வைத்துக்கொள்ளும் எண்ணம் எனக்கு இருந்ததில்லை. குழந்தை யாரிடம் இருப்பது என்பது மட்டும்தான் பாக்கி. அதற்கு அப்போது ஆறு வயது.

அவளைப் பற்றி நான் தப்பாக எதுவும் சொல்ல மாட்டேன். குழந்தையிடமும் ஒரு வார்த்தை சொன்னதில்லை. கீழே இருக்கும் வீட்டுக்கார அம்மாவைக் கேட்டுப் பாருங்கள். என் மனைவி மருத்துவமனையில் பிசியோதெரபி பிரிவில் வேலை பார்க்கிறாள். காலை எட்டு மணியிலிருந்து சாயங்காலம் வரை அடுத்தவர்களின் முதுகையும் முழங்காலையும் வெடித்த குதிகாலையும் பிடித்துத் தேய்க்கிற வேலை. பச்சை நிறத்தில் ஒரு வலித் தைலம் வைத்திருப்பாள். கற்பூரமும் புதினாவும் கலந்து, அடியில் கொஞ்சம் கசப்பாக ஒரு வாடை. எத்தனை முறை கழுவினாலும் அவள் உள்ளங்கையை விட்டு அது போகாது. போகவில்லையே என்ற கவலையும் அவளுக்குக் கிடையாது. வீட்டுக்கு வந்ததும் அதே கையால் குழந்தைக்கு ஊட்டிவிடுவாள். எங்கள் நிலையத்தில் ஒருவர் அப்படிச் செய்தால் அன்றைக்கே வீட்டுக்கு அனுப்பிவிடுவோம்.

குழந்தை தூங்கும்போது அவள் கையை இழுத்துக் கன்னத்துக்கு அடியில் வைத்துக்கொள்ளும். உள்ளங்கையில் மூக்கு அழுந்தி இருக்கும். எத்தனை பேருடைய வியர்வை பட்ட கை. ஒரு தடவை அவள் ஊரில் இல்லாத நாளில் என் கையை வைத்துப் பார்த்தேன். குழந்தை தூக்கத்திலேயே முகர்ந்துவிட்டுத் தள்ளிவிட்டது. இதைச் சும்மா ஒரு தகவலுக்காகச் சொல்கிறேன்.

வக்கீலைப் பார்க்கப் போனேன். விவாகரத்து எந்த ஊரிலும் நடக்கட்டும், குழந்தை விஷயத்துக்கு எந்த நீதிமன்றம் என்று கேட்டேன். அவர் பேனாவால் காதைக் குடைந்துகொண்டே சொன்னார். "கல்யாணம் எங்க நடந்துச்சு, கடைசியா எங்க குடித்தனம் இருந்தீங்க, இதெல்லாம் விவாகரத்துக்குத்தான் சார். புள்ள விஷயம் வேற. அது வழக்கமா எங்க வசிக்குதோ அந்த ஊர் கோர்ட்தான்."

வழக்கமாக என்றால் எத்தனை நாள் என்று கேட்டேன்.

"அதுதான் சார் வேடிக்கையே. சட்டத்துல நாள் எதுவும் போடல. ஜட்ஜ் பாத்து முடிவு பண்றதுதான்."

நான் அந்தச் சொல்லை எழுதி வைத்துக்கொண்டேன். வழக்கம். பழக்கம் என்றும் வைத்துக்கொள்ளலாம்.

பிறகு இரண்டு வாரம் விடுப்பு எடுத்து எங்கள் ஊர் நீதிமன்றத்திலும், எனக்கு மாற்றல் கிடைக்கக்கூடிய இந்த ஊர் நீதிமன்றத்திலும் பின்வரிசையில் உட்கார்ந்து பார்த்தேன். நாங்கள் குடியிருந்த நகரத்தில் குடும்ப நீதிமன்றம் தனியாக இருக்கிறது. அங்கே ஆலோசகர் என்று ஒரு பெண்மணி. சுவரெல்லாம் படம் வரைந்த அறையில் தரையில் உட்கார்ந்து குழந்தைகளோடு மண்பொம்மை செய்கிறார். ஒரு குழந்தையை நான்கு தடவை, ஐந்து தடவை பார்க்கிறார். தாய் வீட்டுக்குப் போகிறார், தகப்பன் வீட்டுக்குப் போகிறார், அலமாரியைத் திறந்து பார்க்கிறார். பொறுமையான ஆள். எனக்கு அந்த முறை பிடிக்கவில்லை.

இந்த மலையூரில் ஒரே நீதிபதி. நிலத் தகராறு, திருட்டு, குடும்பம், எல்லாம் அவர்தான். குழந்தை வழக்கு வந்தால் தாயையும் தகப்பனையும் குழந்தையையும் தன் அறைக்குக் கூப்பிட்டுப் பத்து நிமிடம் பார்ப்பார். அவ்வளவுதான். "என் கண்ணு பாத்ததுதான் எனக்கு சாட்சி," என்று அவர் ஒரு வழக்கில் சொன்னதை என் காதாலேயே கேட்டேன். அவரும் நானும் ஒரே முறையில் வேலை செய்கிறோம் என்று தோன்றியது. மூடியைத் திற, பார், முடிவு சொல்.

இந்த ஊர்ப் பால் குளிரூட்டும் நிலையத்துக்கு மாற்றல் கேட்டேன். யாரும் விரும்பிப் போகாத இடம், உடனே கொடுத்தார்கள். பள்ளி விடுமுறைக்குக் குழந்தையை இரண்டு மாதம் என்னோடு அனுப்ப என் மனைவி சம்மதித்தாள். மலை, குளிர், குழந்தைக்கு நன்றாக இருக்கும் என்று அவளே சொன்னாள். பை கட்டிக் கொடுத்தபோது அவளுடைய பழைய சால்வை ஒன்றையும் மடித்து வைத்தாள். "இது இல்லாட்டி சிட்டு தூங்க மாட்டா. மறக்காம மேல போர்த்தி விடுங்க," என்றாள். சிட்டு என்று அவள்தான் கூப்பிடுவாள். விடுமுறையில் ஓவிய வகுப்புக்கு வேண்டும் என்று சொல்லி இரண்டு தாள்களில் கையெழுத்துக் கேட்டேன். ஒன்று ஓவிய வகுப்பு. மற்றது பள்ளி மாற்றுச் சான்றிதழுக்கான விண்ணப்பம். வாசித்துப் பார்க்கலாம் என்று சொன்னேன். குழந்தைக்குச் சீவிக்கொண்டே கையெழுத்துப் போட்டாள். சீப்பைக்கூடக் கீழே வைக்கவில்லை.

பள்ளி திறந்தபோது குழந்தை இங்கே சேர்ந்திருந்தது. பல் மருத்துவரிடம் அட்டை, நூலகத்தில் அட்டை, ஓவிய வகுப்பில் பெயர், பிறந்தநாளுக்கு நான்கு பிள்ளைகளை அழைத்து எடுத்த புகைப்படம். மாலையில் நான் வரும்வரை வீட்டுக்கார அம்மா பார்த்துக்கொள்வார். வாய் நிறையப் பேசுகிற மனுஷி. குழந்தை தன் மடியிலேயே வளர்கிறது என்று ஊரெல்லாம் சொல்வார். பிறகு நீதிமன்றத்திலும் சொன்னார். ஒரு ஊரில் வசிக்கிறோம் என்றால் என்ன என்பதை நான் கண்ணும் கருத்துமாகச் செய்து முடித்தேன்.

என் மனைவி அழுதாள், கத்தினாள், வக்கீல் வைத்தாள். ஆனால் பார்க்க வந்தபோது நான் ஒருநாளும் தடுத்ததில்லை. இதை நீங்கள் எழுதிக்கொள்ள வேண்டும். இரண்டு வாரத்துக்கு ஒரு சனிக்கிழமை. ஒன்பது மணி நேரம் பயணம் செய்து வருகிறவள் மேலும் மலை ஏற வேண்டாம் என்று அடிவாரத்து ஊருக்கு நானே குழந்தையை அழைத்துப் போவேன். அங்கே பேருந்து நிலையத்தை ஒட்டி ஒரு பூங்கா இருக்கிறது. சிமெண்ட் பெஞ்சு, வறண்ட நீரூற்று. என் வசதியைப் பாராமல் அவள் வசதியைப் பார்த்தேன் என்று நீதிபதி பிற்பாடு தன் உத்தரவில் எழுதினார்.

மலைப்பாதையில் முப்பத்தாறு வளைவுகள். குழந்தைக்குப் பேருந்து ஒத்துக்கொள்ளாது. ஏழாவது வளைவில் முகம் வெளுக்கும், பன்னிரண்டில் எச்சில் ஊறும், இருபதுக்குள் வாந்தி. நான் பை வைத்திருப்பேன். குளிருக்கு அந்தச் சால்வையைச் சுற்றி மூக்குவரை இழுத்துவிடுவேன். கீழே இறங்கும்போது என் மனைவி படியருகே காத்திருப்பாள். அப்படியே வாரி எடுத்துக்கொள்வாள். வாந்தி நின்றிருக்காது. அவள் மேலேயும் எடுக்கும். "பஸ்ஸாலதான்டா செல்லம், சரியாயிடும்," என்று உள்ளங்கையால் முகத்தைத் துடைப்பாள்.

எங்கள் பழைய நிலையத்தில் ஒரு சகா இருந்தான். ஒரு தடவை சோதனைக்கு வந்த கெட்டுப்போன பால் மாதிரியை வாய் நிறைய எடுத்துவிட்டான். ஒரே ஒரு வாய்தான். அன்றைக்கு முழுக்க வாந்தி. அதற்குப் பிறகு பதினோரு வருடம் தயிர் இருக்கும் அறைக்குள் அவனால் நுழைய முடியவில்லை. தயிர் கெட்டதல்ல என்று அவன் மூளைக்குத் தெரியும், வயிற்றுக்குத் தெரியாது. வயிறு யார் சொல்லியும் கேட்காது, வாதாடாது, மறக்காது. இப்படி ஒரு சாட்சி வேறு எங்கே கிடைக்கும்?

சால்வையை நான் குழந்தைக்குத் தூங்கும்போது கொடுத்ததில்லை. காற்றுப் புகாத பிளாஸ்டிக் டப்பாவில் வைத்திருந்தேன். பேருந்தில் மட்டும்தான் வெளியே எடுப்பேன். ஏழாவது வளைவுக்குக் கொஞ்சம் முன்னால். மூன்றாவது மாதம் அதில் வாடை குறைந்துவிட்டது. அதே பச்சைத் தைலத்தை மருந்துக் கடையில் வாங்கி ஓரத்தில் நான்கு சொட்டு விட்டேன். அவள் வராத சனிக்கிழமைகளிலும் குழந்தையைக் கூட்டிக்கொண்டு கீழே போய் அடுத்த பேருந்தில் மேலே வருவேன். ஏன் போகிறோம் என்று குழந்தை ஒரு தடவை கேட்டது. பழகிக்கொள்ளத்தான் என்றேன். நான் பொய் சொல்கிற ஆள் இல்லை.

எட்டு மாதத்தில் முப்பது சனிக்கிழமை இருக்கும். நோட்டுப் புத்தகத்தில் தேதியும் எந்த வளைவு என்பதும் இருக்கின்றன. அலமாரியில் இரண்டாவது தட்டு, எடுத்துக்கொள்ளுங்கள்.

எட்டாவது மாதம் என் மனைவி தொலைபேசியில் சொன்னாள்: "இனிமே நீங்க கீழ வராதீங்க. பாவம், குழந்தைக்கு ஒத்துக்கல. நானே மேல வர்றேன்." சரி, வா என்றேன். எனக்கும் பார்க்க வேண்டியிருந்தது. அன்றைக்குப் பேருந்து கிடையாது, வளைவு கிடையாது. குழந்தை காலையில் நன்றாகச் சாப்பிட்டுவிட்டு, இதோ இந்த ஜன்னல் பக்கம் உட்கார்ந்து வண்ணம் தீட்டிக்கொண்டிருந்தது. அம்மா குரல் கேட்டதும் எழுந்து ஓடியது. ஓடத்தான் ஓடியது. அவள் குனிந்து இரண்டு கையையும் நீட்டினாள். இரண்டடி தூரத்தில் குழந்தை நின்றது. வாயைப் பொத்திக்கொண்டது. பிறகு காலையில் சாப்பிட்டதெல்லாம் வாசலில் கிடந்தது.

சோதனைக் குழாயில் நிறம் மாறும்போது ஓர் அமைதி வரும், மேடம். சரியாக வந்திருக்கிறது என்ற அமைதி. அதுதான் எனக்கு வந்தது. சந்தோஷம் என்று சொல்ல முடியாது.

அடுத்த வாரமே மனு போட்டேன், இந்த நீதிமன்றத்தில். அவளுடைய வக்கீல், சின்ன வயதுப் பெண், துடிப்பாக வாதாடினாள். குழந்தை பிறந்து வளர்ந்தது நகரத்தில், விடுமுறைக்கு என்று சொல்லித் தூக்கிக்கொண்டு வந்த இடம் எப்படி வழக்கமாக வசிக்கும் இடமாகும், வழக்கை அங்கே அனுப்புங்கள் என்றாள். நியாயமான வாதம். நான் அட்டைகளை எடுத்து ஒவ்வொன்றாக மேசையில் வைத்தேன். பள்ளி மாற்றத்துக்குத் தாய் போட்ட கையெழுத்தையும் வைத்தேன். வீட்டுக்கார அம்மா சாட்சி சொன்னார். கையெழுத்து உங்களுடையதுதானா என்று நீதிபதி என் மனைவியைக் கேட்டார். அவள் தாளையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு ஆமாம் என்றாள். வழக்கு இந்த நீதிமன்றத்திலேயே நடக்கும் என்று முடிவானது.

பிறகு அந்தப் பத்து நிமிடம். நீதிபதியின் அறை சின்னது. இரும்பு மேசை, கட்டுக் கட்டாகக் கோப்புகள், மூடிய ஜன்னல். என் மனைவி முந்தின நாளே வந்து தங்கி, தலைக்குக் குளித்து, புதுத் துணி உடுத்தி வந்திருந்தாள். அது போதாது என்று எனக்குத் தெரியும். ஆறு வருடம் தைலத்தில் ஊறிய கைப்பையைத் தோளில் மாட்டியிருந்தாள். "அம்மா வந்திருக்காங்க பாரு, போம்மா," என்றார் நீதிபதி. குழந்தை என் விரலைப் பிடித்துக்கொண்டு நின்றது. அவளே வந்து முழங்காலிட்டு அதன் முகத்தை இரண்டு உள்ளங்கையிலும் ஏந்தினாள்.

குழந்தையின் உடம்பு விறைத்துக்கொண்டது. அவள் மார்பிலும் தரையிலும் நீதிபதியின் கோப்பிலும் தெறித்தது. "வேணாம், வேணாம்," என்று தன் முகத்தைத் தானே துடைத்துக்கொண்டது. நீதிபதி எழுந்து நின்றுவிட்டார். அவர் முகத்தில் இருந்தது என்னவென்று எனக்குத் தெரியும். கெட்ட பாலைத் திறந்த முகம். ஆனால் குழந்தையைப் பார்த்தல்ல, தாயைப் பார்த்து. இந்தப் பெண் குழந்தைக்கு என்ன செய்திருந்தால் இப்படி ஆகும் என்று அவர் யோசித்துக்கொண்டிருந்தார்.

எழுத்தர் ஓடி வந்து, துடைக்க ஆள் வரும், விட்டுவிடுங்கள் என்றார். அவள் விடவில்லை. "என் புள்ளையோடதுங்க. நானே துடைக்கிறேன்," என்றாள். தோளில் கிடந்த துப்பட்டாவை எடுத்துத் தரையைத் துடைத்தாள். மேசைக்கால் ஓரத்தில் இருந்ததை விரலால் வழித்தாள். முகம் சுளிக்கவில்லை. எங்கோ ஒரு கஷ்டமான வேலையைக் கவனமாகச் செய்கிறவள் மாதிரி செய்தாள். உங்களுக்குச் சொல்கிறேன், இந்த வழக்கு முழுவதிலும் எனக்கு உண்மையில் குமட்டியது அந்த ஒரு நிமிடம்தான். ஒரு மனுஷிக்கு அருவருப்பு என்பதே இல்லாமல் போனால் அவளிடம் எப்படிக் குழந்தையை விடுவது? நான் செய்தது சரி என்று அப்போது முழுசாக உறுதியானது.

தாழ்வாரத்தில் என்னைப் பிடித்து நிறுத்தினாள். "நான் என்ன பண்ணிட்டேன்? உங்ககிட்ட எதாவது சொன்னாளா? சொல்லுங்க, மாத்திக்கிறேன். எதுவா இருந்தாலும் மாத்திக்கிறேன்."

தைலத்தை விடு என்று ஒரு சொல் சொல்லியிருக்கலாம். அவள் கேட்டது தான் என்ன பண்ணினோம் என்று. அவள் எதுவும் பண்ணவில்லை. "குழந்தைக்குக் கொஞ்சம் நேரம் குடு," என்றேன்.

குழந்தை என்னிடம். குழந்தை விரும்பினால் மட்டும் தாய் பார்க்கலாம். உத்தரவு ஒன்றரைப் பக்கம்தான். குழந்தை விரும்பவில்லை. அவள் சனிக்கிழமைகளில் வந்து பள்ளிக்கு எதிர்ச் சாரியில், எழுதுபொருள் கடை வாசலில் நிற்பாள். கிட்டே வர மாட்டாள். தன்னால்தான் குழந்தைக்கு உடம்புக்கு முடியாமல் போகிறது என்று நம்பினாள். காற்று எந்தப் பக்கம் அடிக்கிறது என்று பார்த்து, அதற்கேற்றபடி தள்ளி நிற்பாள் என்று வீட்டுக்கார அம்மா சொல்லிச் சொல்லி மாய்ந்துபோனார்.

அதற்குப் பிறகு நடந்தது நான் நினைத்தது அல்ல. அதை ஒப்புக்கொள்கிறேன். முதலில் பற்பசை. புதினா என்பதால் மாற்றிக் கொடுத்தேன். பிறகு கம்பளிப் போர்வை. பிறகு யாராவது தலையைத் தடவினால் போதும். ஆசிரியை கன்னத்தைத் தட்டிப் பாராட்டினார் என்று ஒருநாள் சாப்பிடவில்லை. முகத்தருகே அன்பாக எந்தக் கை வந்தாலும் வயிறு மூடிக்கொள்ளும் போலிருக்கிறது. ஆறு வயதில் இருந்த எடைதான் எட்டு வயதிலும். நான் வாரம் தவறாமல் எடை பார்த்துக் குறித்து வந்தேன். கவனிக்கவில்லை என்று யாரும் சொல்ல முடியாது.

போன மாதம் வகுப்பில் ஒரு பிள்ளைக்குத் தலைவலி என்று ஆசிரியை தைலம் தேய்த்திருக்கிறார். பச்சைத் தைலம். என் குழந்தை வாந்தியெடுத்து மயங்கி விழுந்துவிட்டது. மருத்துவமனையில் சேர்த்தார்கள். அங்கே ஒரு குழந்தை மருத்துவர், அதிகம் பேசாதவர். ஆசிரியையிடம் தைலப் புட்டியை வாங்கிப் பார்த்திருக்கிறார். என் மனைவியை அழைத்து என்ன வேலை என்று கேட்டிருக்கிறார். பத்து நாள் வேலைக்குப் போகாமல், தைலத்தைத் தொடாமல், பையிலிருந்து செருப்புவரை எல்லாவற்றையும் மாற்றிக்கொண்டு வரச் சொல்லியிருக்கிறார்.

அவள் வந்த அன்று நான் கண்ணாடிக்கு வெளியே நின்றிருந்தேன். அவள் கட்டிலுக்குத் தள்ளி நாற்காலியில் உட்கார்ந்தாள். கைகளை மடியில் கட்டிக்கொண்டாள். மூச்சைக்கூட அடக்கிக்கொண்டிருந்தாள் என்று நினைக்கிறேன். கால் மணி நேரம் குழந்தை பார்த்துக்கொண்டே இருந்தது. பிறகு கையை நீட்டி, அவள் சட்டைக் கையின் நுனியை இரண்டு விரலால் பிடித்துக்கொண்டது. அவ்வளவுதான். மருத்துவர் திரும்பிக் கண்ணாடி வழியாக என்னைப் பார்த்தார். கெட்டிக்கார ஆள். எங்கள் சோதனைக்கூடத்துக்கு அப்படி ஒருவர் கிடைத்திருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

அவருடைய கடிதத்தால்தான் மேல் நீதிமன்றம் உங்களை அனுப்பியிருக்கிறது. நான் மறைக்க எதுவும் இல்லை. ஆமாம், செய்தேன். யோசித்து, தேதி போட்டு, முப்பது தடவை செய்தேன். என் மகளின் வயிற்றுக்குள் அவள் அம்மாவைக் கெட்டுப்போக வைத்தேன். அதைப் பார்த்து நம்பக்கூடிய நீதிபதி எங்கே இருக்கிறாரோ, அந்த ஊரில் குடியேறினேன். அடித்ததில்லை. பட்டினி போட்டதில்லை. வழக்கை நகரத்துக்கு மாற்றப்போகிறார்கள் என்று கேள்விப்பட்டேன். மாற்றட்டும். குழந்தை கடைசியில் என்னிடம்தான் வரும். எல்லாவற்றிலும் அதன் பக்கத்தில் இருந்தவன் நான். முப்பது தடவையும் தலையைப் பிடித்துக்கொண்டவன் நான்.

நேற்று பார்க்க அனுமதி கொடுத்தார்கள். ஐந்து நிமிடம், செவிலியர் உடன் இருக்க. கட்டிலருகே போய்க் குனிந்தேன். குழந்தை மூக்கைச் சுருக்கியது. மெதுவாகச் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டது. "அப்பா மேல பஸ் வாசன அடிக்குது," என்று செவிலியரிடம் சொன்னது. செவிலியர் என்னை வெளியே போகச் சொன்னார்.

கழிப்பறைக்குப் போய்ச் சட்டையைக் கழற்றி முகர்ந்து பார்த்தேன். கழுத்துப்பட்டை, அக்குள், கைமடிப்பு, ஒன்று விடாமல். எந்த வாடையும் இல்லை, மேடம். இருபத்திரண்டு வருட மூக்கு இது, தப்பாது. யாரோ குழந்தையை அப்படிப் பழக்கியிருக்கிறார்கள். நீங்கள் விசாரிக்க வேண்டியது அதைத்தான்.